மகனுக்கு இரண்டு வருடம், தம்பிக்கு முறிந்த கை: அப்பீலில் என்ன கேட்பது?

கேள்வி: வணக்கம் அம்மா. பள்ளிகொண்டா பக்கத்தில் ஒரு கிராமம், ஊர் பெயர் வேண்டாம். எனக்கும் என் தம்பிக்கும் கழனி தனித்தனி, கிணறு பொது. 2020 கோடையில் மோட்டார் போடுவது யார் முறை என்ற தகராறில் என் மகன் மண்வெட்டிக் காம்பால் தம்பியை அடித்துவிட்டான். முன்கை எலும்பு முறிந்தது. அடுக்கம்பாறை பெரிய ஆஸ்பத்திரியில் பிளேட் வைத்தார்கள். மகன் 19 நாள் ரிமாண்டில் இருந்துவிட்டு ஜாமீனில் வந்தான். அதன் பிறகு அவன்மேல் ஒரு கேஸும் கிடையாது, ஒரு வாய்தாகூடத் தவறியதில்லை. ஆம்பூரில் ஷூ கம்பெனியில் வேலை செய்கிறான். கல்யாணமாகி மூன்று வயதில் பெண் குழந்தை இருக்கிறது. அந்தக் குழந்தை அப்பா இல்லாமல் தூங்காது. போன வாரம் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் 326-ம் பிரிவில் இரண்டு வருடம் கடுங்காவல், ஐயாயிரம் அபராதம் என்று தீர்ப்பாகிவிட்டது. அபராதம் கட்டினோம். அப்பீலுக்காக ஒரு மாதம் வெளியே விட்டிருக்கிறார்கள். எங்கள் வக்கீல், சாட்சி பலமாக இருக்கிறது, குற்றத்தைப் பற்றிப் பேச வேண்டாம், தண்டனையைக் குறைக்க மட்டும் கேட்போம் என்கிறார். அது தப்பை ஒத்துக்கொண்ட மாதிரி ஆகாதா? அப்பீல் போனால் தண்டனை கூடிவிடும் என்று ஊரில் பயமுறுத்துகிறார்கள். எல்லாம் ஜட்ஜ் மனசுதான், ஆளைப் பிடித்தால் முடியும் என்று ஒருவர் பணம் கேட்கிறார். என்ன செய்வது?

பதில்:

ஐயா, முதலில் அந்தப் பயத்தை விடுங்கள். உங்கள் மகன் போடும் அப்பீலில் அவருடைய தண்டனையைக் கூட்ட முடியாது. மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் அதிகாரங்களைக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 386-ம் பிரிவு சொல்கிறது. விடுதலை செய்யலாம், பிரிவை மாற்றலாம், தண்டனையின் வகையையோ அளவையோ மாற்றலாம். கூடும்படி மட்டும் மாற்றக் கூடாது. 2024 ஜூலை 1 முதல் வந்திருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இதற்கு எண் 427. எண்தான் புதிது, விஷயம் பழையதே. தண்டனை போதாது என்று அரசுத் தரப்பு தனியாக அப்பீல் போட்டால் நிலைமை வேறு. அப்போதும் உங்கள் மகனுக்கு நோட்டீஸ் கொடுத்து அவர் தரப்பைக் கேட்டாக வேண்டும், அதே அப்பீலில் அவர் விடுதலையும் கேட்கலாம். உங்கள் தம்பி தண்டனை குறைவு என்று அப்பீல் போக முடியாது. பாதிக்கப்பட்டவருக்கு அந்த உரிமையைச் சட்டம் தரவில்லை என்று 2020-ல் பர்விந்தர் கன்சால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இழப்பீடு போதவில்லை என்று அவர் போகலாம், அது நியாயமும்கூட. ரிவிஷன், அதாவது கீழ்க் கோர்ட் உத்தரவு சரிதானா என்று மேல் கோர்ட் சரிபார்ப்பது, என்று ஒரு வழி இருக்கிறது. ஆனால் 2025-ல் நாகராஜன் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில், தண்டனை பெற்றவர் போட்ட அப்பீலை விசாரிக்கும்போதே உயர் நீதிமன்றம் தானாக ரிவிஷன் எடுத்துத் தண்டனையைக் கூட்டியதை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அப்பீல் போனவர் போகாமல் இருந்ததைவிட மோசமான நிலைக்குப் போகக் கூடாது என்பதுதான் அதன் அடிப்படை. ஆகவே தைரியமாக அப்பீல் போடுங்கள்.

உங்கள் வக்கீல் சொன்னதில் ஒரு பகுதி சரி. அடித்தது யார் என்பதில் இனிமேல் மல்லுக்கட்டிப் பயனில்லை. காயம்பட்ட உங்கள் தம்பியே நேரடி சாட்சி. காயம்பட்டவரின் சாட்சியத்தை நீதிமன்றம் எளிதில் தள்ளாது. ஆனால் குற்றத்தைப் பற்றிப் பேசவே வேண்டாம் என்பதை நான் ஏற்க மாட்டேன். யார் அடித்தது என்பது ஒரு கேள்வி. அந்த அடி 326-ல் வருமா, 325-ல் வருமா என்பது வேறு கேள்வி. உங்கள் மகனின் அப்பீலில் பாதிக்கு மேல் இந்த இரண்டாவது கேள்விதான்.

எலும்பு முறிந்தாலே சட்டப்படி கொடுங்காயம். அதை மறுக்க முடியாது. கொடுங்காயம் மட்டும் என்றால் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 325-ம் பிரிவு, ஏழு வருடம் வரை. அந்தக் கொடுங்காயம் ஆபத்தான ஆயுதத்தால் வந்தால்தான் 326, பத்து வருடம் வரை அல்லது ஆயுள்கூட. சுடும் கருவி, குத்தும் கருவி, வெட்டும் கருவி, அதோடு தாக்கப் பயன்படுத்தினால் உயிர் போகக்கூடிய எந்தக் கருவியும் அதில் அடங்கும். உங்கள் வழக்கில் மண்வெட்டிக் காம்பு. பட்டது தகடா, காம்பா? காம்பு தனியாகக் கழன்று கிடந்ததா, மண்வெட்டியோடு சேர்ந்திருந்ததா? என்ன நீளம், என்ன கனம்? கோர்ட்டில் பொருளாகக் காட்டினார்களா? எஃப்.ஐ.ஆரில் முதலில் எழுதியது என்ன, ஆஸ்பத்திரியில் ஏ.ஆர். காப்பியில் (விபத்துப் பதிவேட்டு நகலில்) எழுதியது என்ன? வெட்டுக் காயம் எதுவும் இருந்ததா என்று டாக்டரைக் கேட்டார்களா? இதற்கெல்லாம் விடை சாட்சிகளின் வாக்குமூலத்தில் இருக்கும். தீர்ப்பை மட்டும் படித்தால் தெரியாது. வாக்குமூல நகல் முழுவதையும் எடுத்து வக்கீலோடு உட்கார்ந்து ஒரு நாள் செலவழியுங்கள்.

2005-ல் மத்தாய் எதிர் கேரள அரசு வழக்கில் கல்லால் அடித்த காயம். ஒரு பொருள் ஆபத்தான ஆயுதமா இல்லையா என்பது அந்தந்த வழக்கின் உண்மைகளைப் பொறுத்தது என்று சொல்லி உச்ச நீதிமன்றம் 326-ஐ 325 ஆக மாற்றியது. உங்கள் வழக்கிலும் அப்படி ஆகும் என்று நான் உறுதி தர மாட்டேன். மண்வெட்டித் தகடு பட்டிருந்தால் வாய்ப்பு குறைவு. வெறும் காம்பு, ஒரே அடி, அதுவும் கையில் என்றால் வாதாட இடம் இருக்கிறது.

இந்த ஓர் எண் மாறினால் என்ன என்று கேட்பீர்கள். 1958-ம் ஆண்டின் நன்னடத்தைச் சட்டம், முதல் குற்றவாளியைச் சிறைக்கு அனுப்பாமல், நன்றாக நடந்துகொள்வதாகப் பிணை எழுதி வாங்கி வெளியே விட வழி செய்கிறது. அந்த வழி ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்குக் கிடையாது. 326-க்கு ஆயுள் வரை தரலாம் என்பதால் அந்தக் கதவு மூடியிருக்கிறது. 325 ஆனால் திறக்கும். மேல்முறையீட்டு நீதிமன்றமே அந்த உத்தரவைப் போடலாம். நன்னடத்தை அலுவலர் உங்கள் ஊருக்கு வந்து விசாரித்து அறிக்கை தருவார். காயம்பட்டவருக்கு இழப்பீடு கொடு என்றும் அதே உத்தரவில் சேர்க்கலாம். இன்னொன்று, 325 நீதிமன்ற அனுமதியோடு ராஜி செய்துகொள்ளக்கூடிய பிரிவு. அப்பீல் நடக்கும்போதும் அந்த நீதிமன்றத்தின் அனுமதியோடு ராஜி ஆகலாம், அப்படி ஆகிவிட்டால் அதன் பலன் விடுதலை. 326 ராஜிக்கு உரியதல்ல.

அதனால் அப்பீல் மனுவில் இரண்டையும் கேட்க வேண்டும். குற்றம் 325-க்கு மேல் போகாது என்பது முதல் வாதம். அதை ஏற்காவிட்டால் தண்டனையைக் குறைக்க வேண்டும் என்பது மாற்று வாதம். மாற்றாகக் கேட்பது ஒப்புதல் ஆகாது, நாள்தோறும் நடப்பதுதான். ஆனால் வாதத்தின்போது ‘குற்றத்தீர்ப்பை எதிர்க்கவில்லை, தண்டனை மட்டும்’ என்று வக்கீல் சொல்லி, நீதிபதி அதைத் தீர்ப்பில் எழுதிவிட்டால், பிறகு சென்னையில் உயர் நீதிமன்றத்துக்குப் போய் அதைத் திறப்பது கடினம். அப்படி விட்டுக்கொடுப்பதாக இருந்தால் உங்கள் மகனுக்குத் தெரிந்து, அவர் சம்மதித்து நடக்க வேண்டும். இந்த முடிவை வக்கீல் தனியாக எடுக்கக் கூடாது.

இனி ‘எல்லாம் ஜட்ஜ் மனசு’ என்ற பேச்சு. அது பாதி உண்மை என்பதால்தான் ஊரில் நிலைத்துவிட்டது. போக்சோவிலும், வணிக அளவு போதைப்பொருள் வழக்கிலும் குறைந்தபட்சத் தண்டனை இவ்வளவு என்று சட்டமே கட்டிப் போட்டிருக்கிறது. பழைய தண்டனைச் சட்டத்தின் 326-ல் அப்படி இல்லை. மேல் எல்லை மட்டும்தான். இப்போதைய பாரதிய நியாய சன்ஹிதாவில் இதே குற்றத்துக்குக் குறைந்தது ஒரு வருடம் என்று வந்திருக்கிறது. உங்கள் சம்பவம் 2020-ல் நடந்தது, ஆகவே அது உங்கள் மகனுக்குப் பொருந்தாது. ஆக, ஒரு நாளுக்கும் ஆயுளுக்கும் நடுவில் எங்கே நிறுத்துவது என்பது நீதிபதியிடம் விடப்பட்டிருக்கிறது. அதற்கு அளவுகோல் எழுதித் தர வேண்டும் என்று 2003-ல் மலிமத் குழு பரிந்துரைத்தது. இன்றுவரை வரவில்லை. குற்றவியல் நீதி நிர்வாகத்தில் தண்டனை விதிப்புதான் மிகப் பலவீனமான பகுதி என்று சோமன் எதிர் கேரள அரசு வழக்கில் உச்ச நீதிமன்றமே வருத்தப்பட்டிருக்கிறது. ஒரே மாதிரியான காயத்துக்கு ஒரு கோர்ட்டில் ஆறு மாதமும் இன்னொரு கோர்ட்டில் மூன்று வருடமும் வருவதை நானும் பார்க்கிறேன். அது சரியில்லை என்றுதான் நினைக்கிறேன்.

ஆனால் அளவுகோல் இல்லை என்பதால் நீதிபதி நினைத்தபடி செய்யலாம் என்று ஆகிவிடாது. குறைத்தாலும் காரணம் எழுத வேண்டும், மறுத்தாலும் எழுத வேண்டும். காரணம் எழுத அவர் முன்னால் காகிதம் வேண்டும். நம் வழக்குகள் இங்கேதான் தோற்கின்றன. குற்றவாளி என்று சொன்ன பிறகு, தண்டனை பற்றி என்ன சொல்கிறாய் என்று நீதிபதி கேட்பது சட்டப்படி கட்டாயம். அப்போது என்ன சொல்வார்கள்? ‘குடும்பம் இருக்கிறது, குறைந்த தண்டனை வேண்டும்’. அவ்வளவுதான், வாக்கியம் முடிந்தது. உங்கள் மகனும் இதைத்தான் சொல்லியிருப்பார். தீர்ப்பின் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள். குடும்பம் எல்லோருக்கும் இருக்கிறது ஐயா. அதைக் கேட்டுக் கேட்டு நீதிபதிகளின் காது பழகிப்போயிருக்கிறது.

அப்பீலை விசாரிக்கும் வேலூர் சத்துவாச்சாரி செஷன்ஸ் நீதிபதி உங்கள் வழக்குக் கட்டைப் பிரிக்கும்போது என்ன பார்ப்பார் என்று சொல்கிறேன். மாஜிஸ்திரேட்டால் அதிகபட்சம் மூன்று வருடம்தான் தர முடியும், அதில் இரண்டு தந்திருக்கிறார். ஏன் அவ்வளவு என்று காரணம் எழுதியிருக்கிறாரா என்று பார்ப்பார். திட்டமிட்டுப் போய் அடித்ததா, வாய்த்தகராறு முற்றி அந்த இடத்தில் கையில் கிடைத்ததை எடுத்ததா? ஒரு அடியா, விழுந்த பிறகும் அடித்தாரா? முன்பு வழக்கு உண்டா, இந்த ஐந்தாறு வருடத்தில் புதிதாக ஏதாவது உண்டா? வாய்தா தவறாமல் வந்தது ஆர்டர் ஷீட்டிலேயே இருக்கிறது, அதன் நகலைச் சேருங்கள். கம்பெனியின் பி.எஃப்., இ.எஸ்.ஐ. பதிவுகளும் சம்பள ரசீதும் ஒரே இடத்தில் நிலையாக வேலை செய்கிறார் என்பதைக் காட்டும். இவற்றை ஒரு பிரமாணப் பத்திரத்தோடு தாக்கல் செய்யச் சொல்லுங்கள். வாயால் சொல்வதற்கும் பிரமாணப் பத்திரத்தில் இருப்பதற்கும் பெரிய வித்தியாசம் இருக்கிறது. அரசு வழக்கறிஞர் அதை மறுக்காவிட்டால் நீதிபதி அதன்மேல் காலூன்றி நிற்கலாம்.

இதையெல்லாம் பார்த்த பிறகு அவர் கண் போகும் இடம் உங்கள் தம்பியின் கை.

உங்கள் கடிதத்தில் பேத்தி எப்படித் தூங்குவாள் என்றுகூட எழுதியிருக்கிறீர்கள். தம்பியின் கையைப் பற்றி, முறிந்தது, பிளேட் வைத்தார்கள் என்பதோடு நிறுத்திவிட்டீர்கள். பிளேட்டை எடுத்தார்களா? மண்வெட்டி பிடிக்க முடிகிறதா? அந்த வருடம் அவர் கழனியில் யார் வேலை செய்தார்கள்? ஆஸ்பத்திரிக்குப் போக வர, மருந்து வாங்க யார் கொடுத்தார்கள்? உங்களைக் குறை சொல்ல இதைக் கேட்கவில்லை. மகன் சிறைக்குப் போவானோ என்ற பயத்தில் வேறு எதுவும் கண்ணுக்குத் தெரியாது என்பது எனக்குப் புரிகிறது. ஆனால் தண்டனையைக் குறைக்கும் நீதிபதி முதலில் சமாதானம் சொல்ல வேண்டியது அந்தக் கைக்குத்தான். அந்த ஐயாயிரம் அபராதத்தில் ஒரு ரூபாயாவது அவருக்குப் போகும்படி தீர்ப்பில் இருக்கிறதா என்று பாருங்கள்.

இழப்பீடு தர முடியுமா என்பதை ஒவ்வொரு குற்ற வழக்கிலும் நீதிமன்றம் யோசித்தே ஆக வேண்டும், தராவிட்டால் காரணம் எழுத வேண்டும் என்று 2013-ல் அங்குஷ் சிவாஜி கெய்க்வாட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் கழனியில் கிளம்பிய சண்டைதான், அதில் ஓர் உயிரே போனது. பணம் கொடுத்தால் சிறை இல்லை என்றும் எண்ணிவிடாதீர்கள். அதே 2013-ல் ஹசாரா சிங் எதிர் ராஜ்குமார் வழக்கில், சிறையில் இருந்த நாளே போதும் என்று உயர் நீதிமன்றம் குறைத்த தண்டனையை உச்ச நீதிமன்றம் திருத்தியது. வழக்கு நீண்டுவிட்டது என்பது மட்டும் போதாது என்றது. நம் மாநிலத்திலிருந்து போன சேவகப் பெருமாள் வழக்கில் 1991-லேயே, அளவுக்கு மீறிய இரக்கம் சட்டத்தின் மேல் மக்களுக்குள்ள நம்பிக்கையைக் குலைக்கும் என்று சொல்லியாகிவிட்டது. இந்த எச்சரிக்கை எனக்குச் சரியாகவே படுகிறது. அடிபட்டவர் கையை மடக்க முடியாமல் கோர்ட் வராந்தாவில் உட்கார்ந்திருக்க, அடித்தவர் ‘19 நாளே போதும்’ என்று வெளியே போனால், மறுநாள் அந்தக் கிணற்றடியில் என்ன நடக்கும்?

ஆகவே தம்பி வீட்டுக்குப் போங்கள். நீங்கள் மட்டும் போங்கள். ஊர்ப் பெரியவர்களைக் கூட்டிக்கொண்டோ, எழுதிய காகிதத்தை எடுத்துக்கொண்டோ போகாதீர்கள். கையெழுத்து கேட்டுப் போனால் அது அழுத்தம். அழுத்தத்தில் வந்த சமரசம் நீதிபதி கேட்கும் முதல் கேள்வியிலேயே உடைந்துவிடும். செலவு என்ன ஆனது, வருமானம் எவ்வளவு போனது என்று அவரிடம் கேளுங்கள். அவர் மனைவி கோபமாக நாலு வார்த்தை பேசினால் கேட்டுக்கொள்ளுங்கள், அந்தக் கோபத்துக்குக் காரணம் இருக்கிறது. தொகையில் பேரம் வேண்டாம். கொடுப்பதை வங்கி வழியாகவோ, கோர்ட்டில் டெபாசிட் செய்தோ கொடுங்கள். அவர் மனமுவந்து சரி என்றால், அவரே நேரில் கோர்ட்டுக்கு வந்து சொல்ல வேண்டும். கிணற்று முறையையும் அப்போதே பேசி, எந்த நாள் யாருக்கு என்று எழுதிக்கொள்வது நல்லது. சண்டையின் காரணமே தீர்ந்துவிட்டது என்று காட்டுவதைப் போலப் பலமான வாதம் வேறு இல்லை.

அவர் சம்மதித்து, பிரிவும் 325 ஆக மாறினால் ராஜி கேட்கலாம். 326 ஆகவே நின்றாலும் அந்தச் சமரசம் வீணாகாது. ராஜி செய்ய முடியாத குற்றத்திலும், தண்டனையின் அளவை முடிவு செய்யும்போது சமரசத்தைக் கணக்கில் எடுக்கலாம் என்று 2008-ல் ஈஸ்வர் சிங் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2021-ல் ராம்கோபால் எதிர் மத்தியப் பிரதேச அரசு வழக்கு உங்கள் கதைக்கு இன்னும் நெருக்கம். 326-ல் தண்டனை கிடைத்த பிறகு கிராமத்தில் இரு தரப்பும் சமாதானமானார்கள். காயத்தின் தன்மை, சமாதானம் தானாக வந்ததா, சம்பவத்துக்கு முன்னும் பின்னும் குற்றம் செய்தவர் எப்படி நடந்துகொண்டார் என்பதையெல்லாம் பார்த்து, தண்டனைக்குப் பிறகும் உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் வழக்கை முடிக்கலாம் என்று தீர்ப்பானது. அந்த அதிகாரம் செஷன்ஸ் நீதிபதிக்கு இல்லை, சென்னைக்குத்தான் போக வேண்டும். தம்பி சம்மதிக்கவில்லை என்றால் வற்புறுத்த வேண்டாம். இழப்பீட்டை மகன் தானாக முன்வந்து கோர்ட்டில் கட்டுவதாகப் பிரமாணப் பத்திரத்தில் சொல்லட்டும். அதற்கும் எடை உண்டு.

பணம் கேட்கும் அந்த ஆளுக்கு ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். தண்டனை குறைந்தால் தன்னால் என்பார், குறையாவிட்டால் ஜட்ஜ் மாறிவிட்டார் என்பார். நீதிபதி பெயரைச் சொல்லிப் பணம் வாங்குவது குற்றம், கொடுப்பவரும் மாட்டுவார். அந்தப் பணம் தம்பியின் கைக்குப் போகட்டும்.

கடைசியாக நாள் கணக்கு. மாஜிஸ்திரேட் தீர்ப்பிலிருந்து செஷன்ஸ் கோர்ட்டுக்கு 30 நாள். சிறைத் தண்டனை விதித்தால் தீர்ப்பு நகலை உடனே இலவசமாகத் தர வேண்டும், ஏற்கெனவே கையில் இருக்கும். அப்பீலோடு தண்டனையை நிறுத்திவைக்கும் மனுவும் போட வேண்டும். இப்போது கிடைத்திருப்பது தற்காலிகம்தான், அந்த நாள் முடிவதற்குள் செஷன்ஸ் கோர்ட்டில் உத்தரவு வாங்காவிட்டால் மகன் சரண்டர் ஆக வேண்டியிருக்கும். ரிமாண்டில் இருந்த 19 நாள் எப்படியும் தண்டனையில் கழியும். வக்கீல் கட்டணம் கஷ்டம் என்றால் சத்துவாச்சாரி கோர்ட் வளாகத்திலேயே மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, வருமான வரம்புக்குள் வந்தால் இலவசமாக வக்கீல் தருவார்கள். இந்த வாரமே வாக்குமூல நகல்களுக்கு மனு போட்டுவிடுங்கள். தம்பி வீட்டுக்குப் போவதை அப்பீல் நம்பர் ஆகும்வரை தள்ளிப்போட வேண்டாம்.